ஆங்கில உச்சரிப்பும் வர்க்க மதிப்பும்: ரகர மெய்யின் வரலாறு

ஆங்கிலத்தின் 'சரியான உச்சரிப்பு' எனப்படுவது அம்மொழியின் இயல்பிலிருந்து தானாகவே முகிழ்த்ததொன்று என்னும் எண்ணம் கற்றோரிடையேயும் வேரூன்றியுள்ளது. வரலாற்றுச் சான்றுகள் இதற்கு மாறானவை.

நடிகராயிருந்து உச்சரிப்புப் போதகராக மாறிய யோன் வோக்கர், 1791இல் வெளியிட்ட தமது அகராதியில் இரு செய்திகளைப் பதிவுசெய்தார். 'கார்ட்', 'பார்ட்' போன்ற சொற்களில் உயிரையடுத்து வரும் ரகர மெய் இலண்டன் மக்களின் வாயில் நலிந்து, முன்னுள்ள உயிரின் நீட்சியாகவே எஞ்சியது என்பது ஒன்று. 'பிளான்ட்', 'மாஸ்ட்' முதலியவற்றில் உயிரை ஆகாரமாக நீட்டுவது கொச்சைத்தனத்தை அண்மித்தது என்பது மற்றையது. வணிகத்தாலும் கைத்தொழிலாலும் பொருள் சேர்த்த நடுத்தர வர்க்கத்தினர், கனவான்களாகத் தோற்றுவதற்கு இத்தகைய நூல்களை நாடினர்.

இலக்கிய விமர்சனமும் இதிற் பங்குகொண்டது. குதிரை லாயம் நடத்தியவரின் மகனான கீற்ஸ், இலண்டன் பேச்சின்படி 'தோர்ன்ஸ்' என்பதை 'ஃபோன்ஸ்' என்பதுடன் இயைபாக்கினார். 1818இல் 'பிளாக்வூட்ஸ்' சஞ்சிகையின் விமர்சகர், அவரைக் 'கொக்னி' கவிஞர் குழாத்துள் அடக்கி, மருந்துக்கடைக்கே திரும்புமாறு ஏளனஞ் செய்தார். இயைபைக் காட்டிலும் கவிஞரின் பிறப்பே அங்கு தாக்கப்பட்டதென்பது வெளிப்படை.

ஒரு நூற்றாண்டின் பின் நிலைமை தலைகீழாயிற்று. 1917இல் டானியல் யோன்ஸ் தமது உச்சரிப்பு அகராதிக்கு ஆதாரமாகக் கொண்டது, 'பப்ளிக் ஸ்கூல்'களிற் கற்ற தென்னிங்கிலாந்துக் குடும்பத்தினரின் பேச்சையே. (பெயரில் மாத்திரமே அவை பொதுப் பாடசாலைகள்.) அப்பேச்சில் உயிரையடுத்த ரகரம் மறைந்துவிட்டது; வோக்கர் கொச்சையெனக் கருதிய ஆகாரம் குலச்சின்னமாகிவிட்டது. ஆயின், சொன்முதல் ஹகரத்தைக் கைவிட்ட தொழிலாளிக்கு இச்சலுகை கிட்டவில்லை. அவ்வழக்கு மேலே ஏறவில்லை. எனவே இழிவழக்காகவே நின்றது.

ஆளும் வர்க்கமே ஒலிகளைப் படைத்தது என்று இதற்குப் பொருள் கொள்வது இயந்திரப்பாங்கான மார்க்சியமாகும். ஒலிமாற்றம் மக்கள் பேச்சில் நிகழ்வது. அதற்கு ஏற்றத்தாழ்வு கற்பிப்பதிலேயே வர்க்க அதிகாரம் தொழிற்படுகிறது. மொழி மேற்கட்டுமானமன்று என 1950இல் ஸ்டாலின் எழுதியதை ஏற்போரும் இவ்வேறுபாட்டை மனங்கொள்ளுதல் வேண்டும்.

1962இல் வில்லியம் லபோவ் நியூயோர்க்கின் மூன்று பல்பொருட் கடைகளில், நான்காம் மாடியைக் குறிக்கும் 'ஃபோர்த் ஃபுளோர்' என்ற விடையை விற்பனையாளர்களிடமிருந்து வரவழைத்தார். செல்வர் நாடும் கடையில் ரகரம் மிகுந்தும், மலிவுக் கடையில் மிக அருகியும் ஒலித்தது. அதே ரகரமின்மைதான் அக்காலத்து இலண்டனில் மேனிலையோரின் அடையாளமாயிருந்தது.