இருட்டறையில் தொடங்கும் ஏணி

அமெரிக்கன் ஃபுட்பால் பயிற்சியாளர் ஆவதற்குத் தேர்வு கிடையாது, உரிமம் கிடையாது, இன்ன படிப்புத்தான் வேண்டும் என்ற விதியும் கிடையாது. அப்படியிருந்தும், தலைமைப் பொறுப்புக்கு வந்தவர்களின் வாழ்க்கையைப் புரட்டிப் பார்த்தால் பெரும்பாலோர் ஒரே வழியில்தான் வந்திருக்கிறார்கள். நிக் சேபனை எடுத்துக்கொள்வோம். 1973இல் கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் படிப்பு முடிந்தபோது பயிற்சியாளராகும் எண்ணமே அவருக்கு இல்லை. மனைவிக்கு இன்னும் ஓராண்டுப் படிப்பு பாக்கி; ஊரை விட்டுப் போக முடியாத நிலையில், அங்கே தலைமைப் பயிற்சியாளராக இருந்த டான் ஜேம்ஸ் கொடுத்த மாணவ உதவியாளர் வேலையை ஒப்புக்கொண்டார். பிறகு சிராக்யூஸ், மேற்கு வர்ஜீனியா, ஒஹையோ ஸ்டேட், கடற்படை அகாடமி, மிச்சிகன் ஸ்டேட், ஹூஸ்டன் ஆயிலர்ஸ் என்று ஊர் ஊராகப் பெட்டி தூக்கினார். 1990இல்தான் டொலீடோவில் தலைமைப் பயிற்சியாளர் நாற்காலி கிடைத்தது. பின்னாளில் ஏழு தேசியப் பட்டங்கள் வென்ற மனிதருக்கே 17 ஆண்டுக் காத்திருப்பு. இந்தத் தொழிலில் ஏணியேதான் பள்ளிக்கூடம். ஆகவே உச்சியில் யாரை நியமித்தார்கள் என்பதைவிட, அடிப்படியில் யாரைக் கால் வைக்க விட்டார்கள் என்பதுதான் இதன் வரலாற்றைத் தீர்மானித்திருக்கிறது என்பது என் வாதம்.

ஆரம்பத்தில் இந்த ஏணியே கிடையாது. ரட்கர்ஸும் பிரின்ஸ்டனும் 1869இல் மோதிய முதல் கல்லூரி ஆட்டத்துக்குப் பிறகு பல ஆண்டுகள் அணியை நடத்தியவர் மாணவத் தலைவர்தான். பழைய மாணவர்கள் வந்து நாலு வார்த்தை சொல்லிவிட்டுப் போவார்கள். இந்த ஆட்டத்தின் தந்தை என்று போற்றப்படும் வால்டர் கேம்ப், யேல் அணிக்கு ஆலோசகராக இருந்த காலத்தில் பகலெல்லாம் நியூ ஹேவனில் ஒரு கடிகார நிறுவனத்தில் வேலை பார்த்தார். அவர் மனைவி ஆலிஸ் மைதானத்துக்குப் போய்ப் பயிற்சியைப் பார்த்து, நடந்ததை மாலையில் கணவரிடம் சொல்வார். இரவில் அணித் தலைவர் வீட்டுக்கு வருவார், பேச்சு நடக்கும். அந்த யேலில் ஆடி வளர்ந்த ஆமோஸ் அலோன்சோ ஸ்டாக், 1892இல் புதிதாகத் திறந்த சிகாகோ பல்கலைக்கழகத்தில் பேராசிரியர்களுக்கு நிகரான நிரந்தரப் பதவியோடு சேர்ந்தார். பயிற்சி கொடுப்பது வயிற்றைக் கழுவும் வேலையாகலாம் என்று அன்றுதான் தெரிந்தது. ஆனால் ஸ்டாக்குக்குக் கிடைத்த பாதுகாப்பு மற்றவர்களுக்குக் கிட்டவில்லை. இன்று சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கான விருது ஜான் ஹைஸ்மன் பெயரில் இருக்கிறது. அவர் எட்டுக் கல்லூரிகளில் மாறி மாறிப் பயிற்சி கொடுத்தவர். ஆட்டப் பருவம் முடிந்ததும் நாடக மேடையேறி நடித்தவர். பருவ வேலைக்கு நிரந்தர உதவியாளர்கள் எதற்கு? உதவியாளர் இல்லாத இடத்தில் ஏணியும் இல்லை.

ஏணியைக் கட்டியவர்களில் தலையானவர் பால் பிரௌன். ஒஹையோ மாநிலத்தில் எஃகு ஆலைகள் சூழ்ந்த மாசிலன் நகரத்தின் உயர்நிலைப் பள்ளியில் 1932 முதல் 1940 வரை அவர் பயிற்சியாளர். அங்கே தோற்றது எட்டே ஆட்டம், வென்றது 80. அங்கிருந்து ஒஹையோ ஸ்டேட் பல்கலைக்கழகம், போர்க்காலத்தில் கடற்படை முகாம், 1946இல் அவர் பெயரையே தாங்கிய கிளீவ்லாண்ட் பிரௌன்ஸ் என்று போனார். போன இடமெல்லாம் மைதானத்தை விட வகுப்பறைக்கு முக்கியத்துவம் கொடுத்தார். ஆட்டக்காரர்கள் நோட்டுப் புத்தகத்தில் ஒவ்வொரு திட்டத்தையும் தங்கள் கையாலேயே எழுதிக்கொள்ள வேண்டும். எழுத்துத் தேர்வும் உண்டு. ஆட்டங்களின் படச்சுருளைப் போட்டுப் பார்த்து ஒவ்வொருவருக்கும் மதிப்பெண் போடுவார்கள். இத்தனையும் செய்ய ஒரு ஆள் போதுமா? வரிசைக்கு ஒருவராக, ஆண்டு முழுக்கச் சம்பளம் வாங்கும் உதவிப் பயிற்சியாளர்களை வைத்துக்கொண்டார். தொழில்முறை ஆட்டத்துக்கு அது புதுப் பழக்கம்.

இந்த ஆட்டத்தின் இயல்பும் அதற்கு இடம் கொடுத்தது. நாம் அறிந்த கால்பந்து ஓடிக்கொண்டே இருப்பது. அமெரிக்க ஆட்டம் சில விநாடி நடக்கும், நிற்கும், மறுபடி தொடங்கும். ஒவ்வொரு தொடக்கத்திலும் பதினொரு பேருக்கும் தனித்தனி வேலை முன்கூட்டியே சொல்லப்பட்டிருக்கும். ஆகவே அதை எழுதி வைக்கலாம், எண்ணலாம், எதிராளியின் பழக்கத்தைக் கண்டுபிடிக்கலாம். கடைநிலை உதவியாளர் அந்தக் காலத்தில் இருட்டறையில் 16 மில்லிமீட்டர் புரொஜெக்டருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். ஒரே ஆறு விநாடிக் காட்சியை முன்னும் பின்னும் ஓட்டுவார்: எத்தனையாவது முயற்சி, இன்னும் எத்தனை கஜம் வேண்டும், யார் எங்கே நின்றார், இடது காவலாளி எந்தக் காலை முதலில் எடுத்தார், முடிவு என்ன. எல்லாம் அட்டையில் ஏறும். பிறகு அடுத்த ஆறு விநாடி. நள்ளிரவு தாண்டியும் இது நடக்கும். பில் பெலிச்செக் 1975இல் பால்டிமோர் கோல்ட்ஸ் அணியில் இந்த எடுபிடி வேலையைத்தான் வாரத்துக்கு 25 டாலருக்குச் செய்தார். கூலி அற்பம், ஆனால் ஆட்டத்தின் இலக்கணம் மனத்தில் பதிந்தது அந்த அறையில்தான். வின்ஸ் லொம்பார்டியும் நியூ ஜெர்சியில் ஒரு கத்தோலிக்கப் பள்ளியில் பாடம் நடத்திக்கொண்டே பயிற்சி கொடுத்தவர். வெஸ்ட் பாயின்ட் ராணுவ அகாடமியில் ரெட் பிளேக்கிடம் ஐந்து ஆண்டுகள் உதவியாளராக இருந்து தொழில் பழகி, 45 வயதில்தான் கிரீன் பே அணியின் தலைமைக்கு வந்தார். அந்த பிளேக்கும் பால் பிரௌனும் ஒஹையோவின் ஆக்ஸ்ஃபர்ட் என்ற சிற்றூரில் உள்ள மயாமி பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள். வீப் யூபாங்க், ஆரா பார்சீகியன், போ ஷெம்பெக்லர் ஆகியோரும் அங்கே படித்தவர்களே. அந்தக் கல்லூரியைப் பயிற்சியாளர்களின் தொட்டில் என்றே அழைக்கிறார்கள்.

குருவிடமிருந்து சீடனுக்கு வித்தை இறங்கும் இந்த வம்சாவளியெல்லாம் கண்கட்டு வித்தை என்று மறுப்பவர்கள் உண்டு. நெடுங்காலம் பதவியில் இருந்தவரிடம் பலர் வேலை பார்த்திருப்பார்கள், அவர்களில் சிலர் வெல்லத்தான் செய்வார்கள், வென்றவர்களை மட்டும் கோத்து மாலையாக்குகிறோம் என்பது அவர்கள் வாதம். அதில் நியாயம் இருக்கிறது. பெரிய குருக்களிடம் இருந்து வந்து தோற்றுத் திரும்பியவர்களை யாரும் கணக்கில் வைப்பதில்லை. ஆனால் கைமாறிய சரக்கு என்ன என்று பார்த்தால் இந்த மறுப்பு நிற்காது. பிரௌன் தொடங்கிய சின்சினாட்டி பெங்கால்ஸ் அணியில் பில் வால்ஷ் உதவியாளர். பந்தை எறியும் குவார்ட்டர்பேக் கிரெக் குக் தோள்பட்டைக் காயத்தால் ஆட முடியாமல் போக, 1970இல் வலுவான கை இல்லாத வர்ஜில் கார்ட்டரை வைத்துச் சமாளிக்க வேண்டி வந்தது. அதற்காகத் தூர எறிவுகளைக் குறைத்து, ஓடுபவர் எத்தனையாவது அடியில் திரும்புகிறார் என்று அளந்து, குறுகிய எறிவுகளாலேயே வால்ஷ் ஒரு முறையை உருவாக்கினார். அந்த முறை அவரோடு சான்ஃபிரான்சிஸ்கோ போனது. பள்ளி ஆசிரியராக இருந்து வந்த மைக் ஹோம்கிரன் அங்கிருந்து அதை கிரீன் பேவுக்குக் கொண்டுபோனார். அவரிடம் கற்ற ஆண்டி ரீட் பிலடெல்ஃபியாவுக்கும், பிறகு கான்சாஸ் சிட்டிக்கும் கொண்டுபோனார். ஏட்டில் படித்து இதை எடுத்துக்கொள்ள முடியாது. திட்டங்களைக் கூப்பிடும் சங்கேதச் சொற்களே ஆளோடு ஆளாகத்தான் ஊர் மாறின. இதற்கு ஒரு கசப்பான மறுபக்கமும் இருந்தது. 1976இல் பிரௌன் தன் வாரிசாக வால்ஷை விட்டுவிட்டு இன்னொரு உதவியாளரை நியமித்தார். மற்ற அணிகளிடமும் தன்னைப் பற்றிக் குறைவாகப் பேசினார் என்று வால்ஷ் பின்னாளில் குற்றம் சாட்டினார். வாய்வழிச் சிபாரிசால் ஏறும் ஏணியில் ஒரு வார்த்தை போதும், ஏறவும் இறங்கவும்.

அந்தச் சிபாரிசு வட்டத்துக்கு வெளியே வைக்கப்பட்டவர்களைப் பற்றிப் பேசாமல் இந்த வரலாற்றை எழுதுவது நேர்மையாகாது. எடி ராபின்சன் 1941இல் லூசியானாவின் கிராம்ப்ளிங் கல்லூரிக்கு வருவதற்கு முன், பேட்டன் ரூஜ் நகரத்துத் தீவன ஆலை ஒன்றில் மணிக்கு 25 சென்ட் கூலிக்கு உழைத்துக்கொண்டிருந்தார். கல்லூரியில் மாதச் சம்பளம் 63 டாலர் 75 சென்ட். மைதானத்தில் புல் வெட்டியது அவர், சுண்ணாம்புக் கோடு போட்டது அவர். தெற்கு மாநிலங்களில் கறுப்பினத்தவருக்கு உணவகங்கள் கதவடைத்த காலத்தில், வெளியூர் ஆட்டத்துக்குப் போகும் மாணவர்களுக்கு ரொட்டி அடுக்கிக் கட்டிக்கொடுத்ததும் அவர்தான். 1997 வரை அதே கல்லூரியில் இருந்து 408 ஆட்டங்களை வென்றார்; 200க்கும் மேற்பட்ட மாணவர்களைத் தொழில்முறை ஆட்டத்துக்கு அனுப்பினார். பால் பிரௌனுக்கு ஒரு உயர்நிலைப் பள்ளியின் வெற்றியே பெரிய பல்கலைக்கழகத்தின் கதவைத் திறந்தது. ராபின்சனுக்கு அரை நூற்றாண்டு வெற்றியும் தொழில்முறை அணி எதன் தலைமையையும் பெற்றுத் தரவில்லை. ஃபிரிட்ஸ் போலார்ட் என்ற கறுப்பினத்தவர் 1921இலேயே ஆக்ரன் அணிக்குப் பயிற்சி கொடுத்தவர். தொழில்முறை லீக்கில் அவருக்குப் பிறகு அடுத்த கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர் ஆர்ட் ஷெல், ஆண்டு 1989.

ஆட்டத்தின் முடிவு பலகையில் தெரிகிறது, வென்றவன் ஏறுகிறான், தோற்றவன் இறங்குகிறான், இதைவிடத் தகுதி பார்க்கும் தொழில் ஏது என்று கேட்பார்கள். பலகை பொய் சொல்லாது என்பது உண்மைதான். ஆனால் களத்தில் நிறுத்தப்பட்டவர்களைப் பற்றி மட்டும்தான் அது பேசும். 2002இல் ஜானி காக்ரன், சைரஸ் மெஹ்ரி என்ற இரு வழக்கறிஞர்கள் வெளியிட்ட அறிக்கை, கறுப்பினப் பயிற்சியாளர்கள் நன்றாக வென்றும் கடைசியில் நியமிக்கப்படுகிறார்கள், முதலில் நீக்கப்படுகிறார்கள் என்று கணக்கோடு காட்டியது. அப்போது ஆட்டக்காரர்களில் பாதிக்கும் மேல் கறுப்பினத்தவர் என்பதை மறக்கக் கூடாது. அதன் விளைவாக வந்த ரூனி விதி, தலைமைப் பதவிக்குக் குறைந்தது ஒரு சிறுபான்மையினரையாவது நேர்காணல் செய்ய வேண்டும் என்றது. நல்ல விதி, ஆனால் அது கை வைத்தது ஏணியின் உச்சியில். அணி உரிமையாளர்கள் விரும்பித் தேடுவது குவார்ட்டர்பேக்கோடு உட்கார்ந்து எறிவுத் திட்டம் வகுத்தவர்களை. அந்த அறைக்குள் இருபத்தைந்து வயதில் நுழையாதவர் நாற்பது வயதில் நேர்காணலுக்கு வந்து என்ன சொல்ல முடியும்? மகன்களும் பேரன்களும் நிறைந்த தொழில் என்பதும் இதையே காட்டுகிறது. பெலிச்செக்கின் தந்தை கடற்படை அகாடமியில் எதிரணிகளை வேவு பார்த்து எழுதியவர். மகன் சிறுவயதிலேயே அவரோடு உட்கார்ந்து படம் பார்த்துப் பழகினான். சலுகை என்று மட்டும் சொல்லி அதை ஒதுக்க மாட்டேன். அவர் நிஜமாகவே கற்றார், கற்றதற்குச் சாட்சியாக ஆறு சூப்பர் பௌல் கோப்பைகள் இருக்கின்றன. அந்த வித்தை ரத்தத்தில் வரவில்லை, அறையில் உட்கார்ந்ததால் வந்தது.

வால்ஷ் இதைப் புரிந்துகொண்டவர் என்று நினைக்கிறேன். 1987இல் அவர் சிறுபான்மையினப் பயிற்சியாளர்களைக் கோடைக்கால முகாமுக்கு அழைத்து, தன் உதவியாளர்களோடு கூட்டங்களில் உட்கார வைத்துக் கற்றுக்கொடுக்கத் தொடங்கினார். பின்னால் லீக் முழுவதும் அந்தத் திட்டத்தை எடுத்துக்கொண்டது. அப்படி சான்ஃபிரான்சிஸ்கோ முகாமுக்கு வந்தவர்களில் ஒருவர் மார்வின் லூயிஸ். 1981இல் ஐடஹோ ஸ்டேட் கல்லூரியில் உதவியாளராக அடிப்படியில் கால் வைத்த கறுப்பினத்தவர். 2003இல் பால் பிரௌனின் மகன் மைக் பிரௌன், வால்ஷுக்கு ஒரு காலத்தில் கிடைக்காமல் போன பெங்கால்ஸ் நாற்காலியை லூயிஸுக்குக் கொடுத்தார். அவர் அதில் 16 ஆண்டுகள் இருந்தார். அந்த அணியின் வரலாற்றில் வேறெவரும் அத்தனை ஆட்டங்களை வென்றதில்லை.