கெர்மா தொல்லியல் களம்

கெர்மா என்பது இன்றைய சூடானில், நைல் ஆற்றின் மூன்றாவது அருவிக்குத் தெற்கே அமைந்துள்ள தொல்லியல் களமாகும். ஏறத்தாழ கி.மு. 2500 முதல் கி.மு. 1500 வரை நிலவிய நூபிய அரசின் தலைநகரம் இங்கு இருந்தது.

1913–1916 காலப்பகுதியில் இங்கு அகழாய்வு செய்த அமெரிக்கத் தொல்லியலாளர் ஜார்ஜ் ரைஸ்னர், பெரிய கல்லறை மேடு ஒன்றில் எகிப்தியச் சிலைகளைக் கண்டெடுத்தார். அதனால் அது எகிப்திய ஆளுநரின் கல்லறை எனக் கருதினார். பிற்கால ஆய்வுகள் இக்கருத்தை மறுத்தன. மேடு நூபிய அரசருடையது. சிலைகளே எகிப்திலிருந்து கொண்டுவரப்பட்டவை.

சுவிட்சர்லாந்துத் தொல்லியலாளர் சார்லஸ் போனே பல பத்தாண்டுகள் நடத்திய அகழாய்வுகள், தெஃபூஃபா எனப்படும் மண்செங்கல் கோயிலைச் சுற்றியிருந்த நூபிய நகரை வெளிப்படுத்தின. மேற்பகுதி கறுப்பாகவும் அடிப்பகுதி சிவப்பாகவும் அமைந்த, சக்கரமின்றிக் கையால் வனைந்த மெல்லிய மட்கலங்கள் கெர்மாக் கலையின் சிறப்பு அடையாளமாகும்.