பெர்த்தாம் ஆற்றுக்கு எத்தனை கடல்?

கேமரன் மலைக்குப் போகாத குடும்பம் நம்மிடையே குறைவு. ஸ்ட்ராபெரி வாங்குகிறோம், தேயிலைத் தோட்டத்தில் படம் எடுக்கிறோம். தானா ராத்தாவை ஒட்டி ஓடுகிறதே ஓர் ஆறு, அது எந்தக் கடலுக்குப் போகிறது என்று எப்போதாவது கேட்டிருக்கிறோமா? படப்பிடிப்புக்குப் போகும்வரை நானும் கேட்டதில்லை.

அதன் பெயர் பெர்த்தாம். பிரிஞ்சாங் மலைப் பக்கம் பிறந்து, தானா ராத்தா, ஹாபு, ரிங்லெட் வழியாக இறங்குகிறது. பிறகு தெலோம் ஆற்றுடன் சேர்ந்து ஜெலாய் ஆற்றுக்குப் போகிறது. ஜெலாயும் தெம்பெலிங்கும் கோலா தெம்பெலிங்கில் கூடும்போதுதான் பகாங் ஆறு என்ற பெயரே பிறக்கிறது. தீபகற்பத்தின் மிக நீளமான ஆறு அது. பெக்கான் அருகே தென்சீனக் கடலில் கலக்கிறது. ஆக, பெர்த்தாமின் கடல் கிழக்கே இருக்கிறது. இது இயற்கை போட்ட கணக்கு.

1885-இல் வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் இந்த மலைக்காட்டுக்குள் வந்தார். மலைக்கு அவர் பெயரே நிலைத்துவிட்டது. 1929-இல் போ தேயிலைத் தோட்டம் தொடங்கியது. நம் மக்கள் கொழுந்து கிள்ள மலையேறினார்கள். அதுவரை ஆறு தன் போக்கில்தான் ஓடியது.

கணக்கு மாறியது 1963-இல். ரிங்லெட்டில் பெர்த்தாமை மறித்து சுல்தான் அபு பாக்கார் அணை எழுந்தது. தெலோம் ஆற்றின் தண்ணீரையும் சுரங்கம் வழியாக பெர்த்தாமுக்குத் திருப்பினார்கள். ஏரியில் சேர்ந்த நீர் இன்னொரு சுரங்கத்தில் தித்திவங்சா மலைத்தொடரையே குடைந்துகொண்டு பேராக் பக்கம் போகிறது. அங்கே அரை கிலோமீட்டருக்கும் அதிகமான உயரத்திலிருந்து விழுந்து, நிலத்தடியில் இருக்கும் சுல்தான் யூசுப் மின்நிலையத்தில் 100 மெகாவாட் வரை மின்சாரம் தருகிறது. பிறகு பாத்தாங் பாடாங் ஆறு, பேராக் ஆறு, மலாக்கா நீரிணை! கிழக்கே போக வேண்டிய மழை மேற்கே போகிறது. பொறியியல் என்று பார்த்தால் வியக்க வேண்டிய வேலைதான், மறுக்கவில்லை.

அணைக்குக் கீழே இருப்பவர்கள் கதை வேறு. தண்ணீர் வேறு பக்கம் போய்விட்டதால் பெர்த்தாம் பள்ளத்தாக்கில் ஆறு வாய்க்கால்போல் மெலிந்தது. மெலிந்த ஆற்றைப் பார்த்து யார் பயப்படுவார்கள்? கரையோரம் வீடுகள் வந்தன, காய்கறித் தோட்டங்கள் வந்தன. 2013 அக்டோபர் 23, விடியாத நேரம். கனமழையில் ஏரி நிரம்ப, அணையைக் காக்க மதகைத் திறந்தார்கள். அரை நூற்றாண்டுக்கு முன் போன அதே வழியில் தண்ணீர் வந்தது. தூக்கத்தில் இருந்தவர்களின் வீடுகளையும் வாகனங்களையும் சேற்றோடு அடித்துப் போனது. உயிர்களும் போயின.

மழையை மட்டும் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மேலே காடழித்துத் தோட்டம் போடும்போது கரையும் மண் ஏரியில்தான் வந்து படிகிறது. மண் சேரச் சேர ஏரியில் தண்ணீருக்கு இடம் குறைகிறது. இடம் குறைந்தால் மதகு சீக்கிரம் திறக்கும். இந்தச் சேற்றை வாரி அகற்றுவதே பல ஆண்டுகளாக ஒரு தனி வேலையாகிவிட்டது. அடுத்த முறை ரிங்லெட் வழியாகப் போகும்போது காரை ஓரமாக நிறுத்தி, ஏரித் தண்ணீர் என்ன நிறத்தில் இருக்கிறது என்று பிள்ளைகளுக்குக் காட்டுங்கள்.