முகமூடி இல்லாத ஊரில் வேஷங்கள்

குற்றாலத்தில் சாரல் சீசன் நேரத்தில் அருவிக்குப் போகும் வழியெல்லாம் கடைகள். பொம்மை, பனியன், சிப்ஸ், நேந்திரம்பழம்... அதற்கு நடுவே கயிற்றில் வரிசையாகத் தொங்கும் பிளாஸ்டிக் முகமூடிகள். குரங்கு, சிங்கம், பேய். தென்காசிப் பக்கம் முகமூடி என்றால் பலருக்கும் நினைவுக்கு வருவது அவ்வளவுதான்.

மற்ற ஊர்களின் கதை வேறு. மேற்கு வங்கத்தின் புருலியாவிலும் ஜார்க்கண்டின் செரைகேலாவிலும் முகமூடி மாட்டாமல் சாவ் நடனம் கிடையாது. (அதே சாவ் ஒடிசாவின் மயூர்பஞ்சில் முகமூடி இல்லாமலே ஆடப்படுகிறது என்பது வேடிக்கை.) யுனெஸ்கோ 2010இல் சாவ் நடனத்தைத் தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்துக்கொண்டது. இலங்கையின் அம்பலாங்கொடையில் மரத்தில் செதுக்கும் முகமூடிகள் உலகப் பிரசித்தம். அங்கே 18 நோய்களுக்கு 18 பேய் முகங்கள் உண்டு. நோயாளியின் முன்னால் அந்தப் பேயையே ஆடவிட்டு விரட்டுவார்கள்.

அவ்வளவு தூரம் கூடப் போக வேண்டாம். செங்கோட்டை தாண்டி மலை ஏறி இறங்கி, பத்தனம்திட்டை மாவட்டத்துக்குள் நுழைந்தால் படையணி. கமுகம்பாளையைச் சீவி, கரி, செங்கல், மஞ்சள் வண்ணங்களால் பெரிய பெரிய முகங்கள் வரைந்து, பத்ரகாளி கோவில் முற்றத்தில் தீப்பந்த வெளிச்சத்தில் தலையில் சுமந்து ஆடுவார்கள். செங்கோட்டை 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூரோடுதான் இருந்தது. கமுகு மரமும் மலைக்கு இந்தப் பக்கம் ஏராளம். இருந்தும் அந்தப் பாளை முகங்கள் இந்தப் பக்கம் இறங்கவில்லை.

சொல் மட்டும் பொதுவாக இருக்கிறது. படையணியில் அந்த முகத்துக்குப் பெயர் "கோலம்". வடகேரளத்தில் தெய்யம் ஆடுவதைக் "கோலம் கட்டுதல்" என்பார்கள். சிங்களத்தில் முகமூடி நாடகத்துக்கே கோலம் என்றுதான் பெயர். தமிழிலோ மணக்கோலம், திருக்கோலம், அலங்கோலம்! "முகமூடி" என்றால் மட்டும் நமக்குக் கொள்ளைக்காரன் ஞாபகம்தான் வருகிறது. மூடுவது நமக்குப் பிடிக்கவில்லை போலும். புனைவதுதான் பிடித்திருக்கிறது.

அந்தப் புனைவைப் பார்க்க வேண்டுமானால் தென்காசியிலிருந்து நூறு கிலோமீட்டருக்கு மேல் கிழக்கே, குலசேகரன்பட்டினம் கடற்கரைக்குப் போக வேண்டும். முத்தாரம்மன் கோவில் தசரா. கொடியேறியதும் காப்புக் கட்டிக்கொண்டு, நெல்லை, தென்காசி, தூத்துக்குடி, குமரி மாவட்டத்து ஊர்களில் ஆயிரக்கணக்கானோர் வேஷம் போடுகிறார்கள். காளி, குறவன், குறத்தி, குரங்கு, கரடி, ராஜா, போலீஸ், பிச்சைக்காரர் என்று எல்லாம் உண்டு. நோய் தீர வேண்டும், பிள்ளை பிறக்க வேண்டும், வேலை கிடைக்க வேண்டும் என்று நேர்ந்துகொண்டவர்கள் இவர்கள். வேஷத்தோடு வீடு வீடாக, கடை கடையாகப் போய் "அம்மனுக்கு" என்று காசு வாங்க வேண்டும். சேர்ந்ததை அம்மன் உண்டியலில் போட வேண்டும்.

வணிகவியல் படிப்பவர்கள் கொஞ்சம் யோசிக்க வேண்டிய கணக்கு இது. வேஷச் செலவு, மேளச் செலவு, வண்டி வாடகை எல்லாம் கையிலிருந்து போகிறது. வரவு அப்படியே உண்டியலுக்குப் போகிறது. பேரேட்டில் பார்த்தால் சுத்த நஷ்டம்! ஆனால் நேர்த்தியின் சாரமே கை நீட்டுவதில்தான் இருக்கிறது. ஊரில் வட்டிக்குக் கொடுப்பவரும் பத்து நாள் தட்டு ஏந்தியாக வேண்டும். கூலி வேலை செய்பவர் கிரீடம் வைத்துக்கொண்டு வந்தால் முதலாளி கும்பிட்டாக வேண்டும்.

காளி வேஷம்தான் எல்லாவற்றிலும் கடினம். 41 நாள், 21 நாள் என்று விரதம் இருப்பார்கள். சடைமுடி, கிரீடம், நெற்றிப்பட்டை, கண்மலர், கையில் சூலம், முதுகில் கட்டிய கைகள். வாயில் பொருத்தும் கோரைப்பல்லுக்கு "வீரப்பல்" என்று பெயர். இத்தனையும் சேர்ந்தால் உள்ளே இருக்கும் ஆளின் முகம் அடையாளமே தெரியாது. மரத்தில் செதுக்காத முகமூடி என்று இதைச் சொல்லலாம். வேஷம் கலையும்வரை அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடமாட்டார்கள். "அம்மா" என்றுதான் கூப்பிடுவார்கள், அவர் ஆணாக இருந்தாலும்!

இது நேற்று வந்த பழக்கம் இல்லை. சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரியைப் படித்தவர்களுக்கு இந்தக் காட்சி பழகியதாகத் தோன்றும். அங்கே எயினர் குலத்துக் குமரி ஒருத்திக்குக் கொற்றவை வேஷம் கட்டுகிறார்கள். பன்றிக் கொம்பு பிறையாகிறது, புலிப்பல் தாலியாகிறது, புலித்தோல் ஆடையாகிறது, கையில் வில் கொடுக்கிறார்கள். வீரப்பல்லுக்கும் அந்தப் பன்றிக் கொம்புக்கும் நேரடி வாரிசுத் தொடர்பு உண்டு என்று சாதிக்க முடியாது. ஆனால் ஒரு சாதாரண மனித உடம்பில் பல்லையும் கொம்பையும் ஏற்றி, அதையே தெய்வமாக நிறுத்தும் யோசனை ஒன்றுதான்.

குறத்தி வேஷத்தைச் சொல்லும்போது குற்றாலத்தை விட்டுவிட முடியாது. தென்காசி பக்கத்து மேலகரத்துக்காரரான திரிகூடராசப்பக் கவிராயர் 18ஆம் நூற்றாண்டில் எழுதிய குற்றாலக் குறவஞ்சியில், குறி சொல்ல வருகிற சிங்கிதான் மேடையைத் தூக்கி நிறுத்துகிறாள். இந்த நாடகத்துக்காக மதுரை நாயக்க மன்னர் கவிராயருக்கு மானியமாகக் கொடுத்த நிலம் "குறவஞ்சி மேடு".

இன்னொரு முகத்தையும் பார்க்க வேண்டும். நெல்லை, தென்காசி, குமரிப் பகுதிகளில் சுடலைமாடன் கொடை என்றால் கணியான் கூத்து இருக்கும். அண்ணாவி பாட, மகுடம் அதிர, பெண் வேஷமிட்ட ஆண்கள் ஆடுவார்கள். நடுச்சாமத்தில் ஒருவர் முகத்தில் வண்ணம் தீட்டி அம்மனாக வருவார். சில கொடைகளில் அவர் தன் கையைக் கீறி ரத்தம் கொடுக்கும் சடங்கும் உண்டு.

குலசையில் நேர்ந்துகொண்ட யார் வேண்டுமானாலும் காளி ஆகலாம். கணியான் கூத்தில் அது கணியான் சமூகத்தில் பிறந்தவர்களின் வேலை, பட்டியல் பழங்குடியான ஒரு சின்ன சமூகத்தின் வேலை. ஒருவருக்கு அது பத்து நாள் விரதம், இன்னொருவருக்குப் பரம்பரைப் பிழைப்பு. கையில் விழும் தழும்பும் அவருக்குத்தான். தசராவைப் படம் பிடிக்கப் போகிற கேமராக்களில் பாதியாவது கொடைப் பக்கம் திரும்பியிருக்கலாம்.

குலசையில் நிஜமான முகமூடி என்று சொல்லத்தக்கது ஒருவனுக்குத்தான். அவன் மகிஷாசுரன். பத்தாம் நாள் நள்ளிரவில் கடற்கரையில் சூரசம்ஹாரம் நடக்கும்போது அவன் தன் முகத்தோடு வருவான், பிறகு சிங்க முகம், பிறகு எருமை முகம், கடைசியில் சேவல். ஒவ்வொரு தலையாக மாற்றி மாற்றி வைப்பார்கள், அம்மன் ஒவ்வொன்றாக வீழ்த்துவாள். மறுநாள் எல்லோரும் காப்பைக் கழற்றிவிட்டு ஊர் திரும்புவார்கள். 2020இல் கொரோனா காரணமாகக் கடற்கரையில் அது நடக்கவில்லை. கோவில் வளாகத்திலேயே, பக்தர் கூட்டம் இல்லாமல், அசுரன் தலை மாற்றிக்கொண்டு விழுந்தான்.