சுருளிற் கிடந்த சரித்திரம்

பட்டயமும் கல்வெட்டும் போலப் படச்சுருளும் வரலாற்றுச் சான்றாகும் என்பதைச் செயலிற் காட்டியவர், உருசிய நாட்டுப் படத்தொகுப்பாளரான எஸ்ஃபிர் ஷூப் அம்மையார். 1917ஆம் ஆண்டுப் பெப்ரவரிப் புரட்சியின் பத்தாண்டு நிறைவுக்கு ஒரு படம் ஆக்கக் கருதி, 1926இல் அவர் லெனின்கிராட் நகருக்குச் சென்றார். ஆங்கு, சார் மன்னர் நிக்கலாஸின் அரண்மனைப் படப்பிடிப்பாளர் எடுத்த சுருள்கள் நிலவறையொன்றிற் கேட்பாரற்றுக் கிடந்தன. ஈரத்தாற் பல பழுதுற்றிருந்தன. இரண்டு மாதங்களில் ஏறத்தாழ 60,000 மீற்றர் நீளமான சுருள்களைப் பார்த்து, 5,200 மீற்றரைத் தெரிந்தெடுத்தார். உள்நாட்டிற் கிடையாத புரட்சிக் காட்சிகள் சில அமெரிக்காவிலிருந்து விலைக்கு வாங்கப்பட்டன.

தேடுதலினும் அரிது, தேடியதை அடுக்குதல். மன்னரின் கப்பல் தளத்தில் அதிகாரிகளும் சீமாட்டிகளும் நடனமாடி வியர்வை துடைக்கின்றனர். அடுத்த காட்சியில், குடியானவர் மண்வெட்டி வியர்க்கின்றனர். மன்னர் தம் மகிழ்ச்சிக்கென எடுப்பித்த படமே அவருக்கு எதிர்ச்சாட்சியாயிற்று. இஃது ஒருபாற் கோடிய கூற்றென்பார் உளர். அது மெய்யே, ஆயினும் பட்டயங்களை அடுக்கும் வரலாற்றாசிரியர் எல்லாரும் நடுநின்றே அடுக்குகின்றனரா?

‘ரோமனோவ் வமிசத்தின் வீழ்ச்சி’ என்னும் அப்படம் 1927இல் வெளிவந்தது. பழுதுற்ற மூலச்சுருள்களும் அவர் முயற்சியாற் செப்பனிடப்பட்டன. படத்தை வெளியிட்ட அரசாங்க நிறுவனமோ, அதன் ஆசிரியர் என்ற உரிமையை அம்மையாருக்கு அளிக்க மறுத்துவிட்டது.