நெருப்புக்குச்சி ஆடிய கதை

1990 ஆம் ஆண்டை அடுத்து வந்த மின்சாரமில்லாத இரவுகளை உடுப்பிட்டியில் வாழ்ந்தவர்கள் மறந்திருக்கமாட்டார்கள். ஜாம் போத்தலில் பஞ்சுத்திரி எரியும். சுவரிலே கைநிழலால் மானும் முயலும் ஓடவிடுவோம். பகலிலோ கொப்பி ஓரங்களில் ஒரே உருவத்தைச் சிறிது சிறிதாக மாற்றி வரைந்து, தாள்களை விரலால் விசிறினால் அது நடக்கும். சித்திரத்துக்கு உயிரூட்டும் கலையின் அரிச்சுவடி அவ்வளவுதான்.

இக்கலையைத் திரைக்குக் கொண்டுவந்தவர் பிரான்ஸ் நாட்டின் எமில் ரெய்னோ. தாமே வரைந்த சித்திரச் சுருள்களை, 1892 ஒக்டோபர் 28 இல் பாரிஸின் கிரேவின் அருங்காட்சியகத்தில் ஒளிபாய்ச்சிக் காட்டினார். லூமியர் சகோதரர்களின் சினிமா பிறக்க இன்னும் மூன்றாண்டுகள் இருந்தன. பின்னர் எமில் கோல் என்பவர் ஏறக்குறைய 700 சித்திரங்களைக் கொண்டு, இரண்டு நிமிடமும் ஓடாத படமொன்றை 1908 இல் ஆக்கினார். அதே ஆண்டில் நெருப்புக்குச்சிகளையும் ஆடவைத்தார்.

நமது பக்கத்தில் இந்த வித்தையைக் கைக்கொண்டவர் தாதாசாகிப் பால்கே. 1912 இல் லண்டனிலிருந்து கமெராவோடு திரும்பியவர், சட்டியிலிட்ட பட்டாணி முளைத்துச் செடியாவதை ஒரு மாதத்துக்கு மேலாகச் சிறுகச் சிறுகப் படம்பிடித்தார். ஒரு நிமிட அளவே ஓடிய அதைக் கண்டவர்கள் கடன் கொடுக்க முன்வந்தார்கள். மனைவி சரஸ்வதிபாயின் நகைகளும் கைகொடுத்தன. 1913 இல் 'ராஜா ஹரிச்சந்திரா' திரைக்கு வந்தது. இந்தியாவின் முதற் கதைப்படத்துக்கு வித்திட்டது, சொல்லுக்குச் சொல், ஒரு பட்டாணிதான்!

முதலாம் உலகப்போர் மூண்டு பணமும் படச்சுருளும் தட்டுப்பட்ட வேளையிலும் பால்கே சும்மா இருக்கவில்லை. 1915 இல் நெருப்புக்குச்சிகளை அசையவைத்து ஒரு குறும்படம் எடுத்தார். அந்தப் படம் இன்று இல்லை. ரெய்னோவின் கதை இன்னும் துயரமானது. சினிமா வந்து அவருடைய பிழைப்பைப் பறித்தது. மனமுடைந்தவர் தம் சுருள்களிற் பெரும்பாலானவற்றைத் தாமே சேன் நதியில் வீசினார். இரண்டே தப்பின.

1981 இல் நூலகம் எரியக் கண்ட யாழ்ப்பாணத்தவர்க்கு இந்த இழப்பின் கனத்தை விளக்க வேண்டியதில்லை. ஆனால் எல்லாவற்றையும் நெருப்பும் நீரும் கொண்டுபோவதில்லை; நமது அசட்டையும் கொண்டுபோகிறது. நான் வரைந்த கொப்பிகளில் ஒன்றுகூட இன்று என்னிடமில்லை. உங்கள் வீட்டுப் பெட்டியடியில் பிள்ளை கிறுக்கிய கொப்பி ஒன்று கிடந்தால், கச்சான் சுற்றக் கொடுத்துவிடாதீர்கள். ஒருமுறை விசிறிப் பாருங்கள். உள்ளே யாரோ நடந்துகொண்டிருக்கக்கூடும்.