நாவற்குடாவுக்கு மூன்று வழிகள்

வெளியூர் நண்பர்கள் மட்டக்களப்புக்கு வந்தால் அவர்களுக்குக் காட்டுவதற்கென்று எம்மிடம் ஒரு பட்டியல் உண்டு. புளியந்தீவில் ஒல்லாந்தர் கோட்டை, கல்லடிப் பாலம், முகத்துவாரத்தில் 1913 ஆம் ஆண்டு எழுப்பப்பட்ட வெளிச்சவீடு, நிலாக் காலமாயின் பாடும் மீனின் கதை. ஒரு பகலில் இவற்றை முடித்துவிடலாம். அதன்பின் தெற்கே கல்முனை நோக்கி பஸ் ஏறுபவர்களுக்கு நொச்சிமுனை, நாவற்குடா, மஞ்சந்தொடுவாய் என்பன யன்னலுக்கு வெளியே கடந்துபோகும் பெயர்ப்பலகைகள் மாத்திரமே.

இதற்காக வெளியூரவரைக் குறைசொல்லும் தகுதி எனக்கில்லை. 1990களின் தொடக்கத்தில் பத்திரிகைத் துறைக்கு வந்தவன் நான். இந்த வீதியால் எத்தனை ஆயிரம் தடவை போய்வந்திருப்பேன் என்று கணக்கில்லை. ஆயினும் என் பழைய குறிப்பேடுகளில் நாவற்குடா என்ற பெயர் வருமிடங்களில் எல்லாம் சுற்றிவளைப்பு, சோதனைச்சாவடி, ஊரடங்கு என்ற சொற்களும் உடன் வருகின்றன. ஊர் எப்படிப்பட்டது என்று ஒரு வரிதானும் எழுதியதில்லை. 2022 ஆம் ஆண்டின் எரிபொருள் தட்டுப்பாடுதான் இந்தக் குறையை உணர்த்தியது. மோட்டார் சைக்கிளை வீட்டில் நிறுத்திவிட்டுப் பழைய துவிச்சக்கரவண்டியைத் துடைத்து எடுத்தேன். எரிபொருள் வரிசைகள் மறைந்த பின்னரும் அதை விட்டுவிட மனம் வரவில்லை.

துவிச்சக்கரவண்டியின் வேகத்தில் முதலில் கண்ணில் படுவன ஊர்ப்பெயர்கள்தாம். புளியந்தீவு ஒரு தீவு. நொச்சிமுனை நீருக்குள் நீளும் ஒரு முனை. உப்போடை ஓர் ஓடை. நாவற்குடா, நாவல் மரங்கள் நின்ற ஒரு குடா. வாவியின் மறுபுறம் போனால் வவுணதீவு, திமிலைதீவு, சேற்றுக்குடா, வீச்சுக்கல்முனை, அம்பிளாந்துறை. முகத்துவாரத்தருகே பாலமீன்மடு. தீவு, முனை, குடா, ஓடை, மடு, துறை என்று இந்தப் பெயர்களின் பின்னொட்டுகளை வரிசைப்படுத்திப் பாருங்கள். வீதியில் நின்று பார்க்கும் ஒருவர் இப்படிப் பெயர் வைத்திருக்க முடியாது. தோணியில் இருந்துகொண்டு கரையைப் பார்த்தவர் வைத்த பெயர்கள் இவை. மட்டக்களப்பு என்ற பெயரிலேயே களப்பு இருக்கிறது. அதன் முற்பகுதிக்கு அறிஞர்கள் பல விளக்கம் சொன்னாலும் பிற்பகுதியில் ஐயமில்லை.

இந்தக் களப்பு ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளமானது. கடலுக்குச் சமாந்தரமாக வடக்குத் தெற்காகக் கிடக்கிறது. முகத்துவாரத்திலும் கல்லாற்றிலும் மாத்திரம் கடலோடு கலக்கிறது. எழுத்தில் இதனை வாவி என்கிறோம். ஊரவர் பேச்சில் இது ஆறு. கடலுக்கும் இதற்கும் இடைப்பட்ட மணற்றிட்டு எழுவான்கரை, மேற்கேயுள்ள வயல்நிலம் படுவான்கரை. சூரியன் எழும் பக்கமும் படும் பக்கமும் என்ற இந்தப் பகுப்பும் நடுவே நீரில் இருப்பவருக்கே இயல்பாகத் தோன்றக்கூடியது.

அந்நியர் வந்ததும் நீர்வழியாகத்தான். ஒல்லாந்தத் தளபதி யோரிஸ் வான் ஸ்பில்பேர்கன் 1602 மே மாத இறுதியில் மட்டக்களப்புக் கரையில் நங்கூரமிட்டு, இங்கிருந்தே கண்டி அரசனைக் காணச் சென்றார். போர்த்துக்கேயர் 1628 இல் புளியந்தீவில் கோட்டை கட்டினர். பத்தே ஆண்டுகளில், 1638 மே மாதத்தில், ஒல்லாந்தர் அதனைப் பிடித்தனர். இலங்கையில் அவர்கள் கைப்பற்றிய முதற் கோட்டை இதுவே. நாற்புறமும் நீர் சூழ்ந்த ஒரு சிறு தீவை இவர்கள் ஏன் தேர்ந்தார்கள் என்பது நிலப்படத்தை வீதிகளின்றிப் பார்த்தால் விளங்கும். வாவியில் போகும் ஒவ்வொரு தோணியும் அந்தத் தீவின் பார்வைக்குள் வந்தாக வேண்டும்.

இந்த ஒழுங்கை மாற்றியது கல்லடிப் பாலம். ஆளுநர் மனிங்கின் துணைவியார் பெயரில் 1924 ஆம் ஆண்டு திறக்கப்பட்ட அந்த இரும்புப் பாலம் வரும்வரை, நகரிலிருந்து கல்லடிக்கு வருவோர் நீரைக் கடந்தே வரவேண்டியிருந்தது. பாலம் வந்தபின் வீதி வலுத்தது. கடைகள் வீதிக்கு வந்தன. கடைகளைப் பார்த்து வீடுகளும் முகத்தைத் திருப்பின. 2013 இல் அருகே புதிய பாலம் திறக்கப்பட்டபோது வீதியின் வெற்றி முழுமையாயிற்று. நாவற்குடா போன்ற ஊர்களில் ஆற்றங்கரை என்பது இன்று வளவின் பின்புறம்.

அந்தப் பின்புறத்தைப் பார்க்க வேண்டும் என்று கேட்டபோது, அறிமுகமான ஒரு முதிய மீனவர் தமது தோணியில் என்னை ஏற்றிக்கொண்டார். மாலை வேளை. வீச்சுவலையை ஓரமாகச் சுருட்டி வைத்துவிட்டு, நீண்ட கம்பை ஊன்றித் தோணியைக் கரையோரமாகவே செலுத்தினார். இடுப்பளவு ஆழமும் இல்லாத இடங்கள் பல. கண்டல் செடிகளின் ஓரமாகக் கொக்குகள் நின்றன. ஓரிடத்தில் கரையைக் காட்டி அவர் சொன்னார்: "இந்தத் துறையிலதான் தம்பி முந்தி ஆக்கள் இறங்குவாங்க. படுவான்கரை நெல்லு, தயிரு, விறகு எல்லாம் இதாலதான் வந்தது. ரோட்டெல்லாம் பிறகு வந்ததுதானே." நான் பார்த்தபோது அங்கே ஒரு மதிற்சுவரும் கொட்டிக் கிடந்த கட்டட இடிபாடுகளும் மாத்திரமே தெரிந்தன.

எனக்கு 1848 ஆம் ஆண்டு நினைவுக்கு வந்தது. அவ்வாண்டு செப்டெம்பரில் இலங்கையின் குடியேற்றச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட் ஓர் இரவு கோட்டை வாயிலருகே படகேறி, மீனவர் துணையோடு இந்த வாவியின் இசையைத் தேடிப் போனார். நீரடியிலிருந்து பல மெல்லிய ஒலிகள் தனித்தனியே எழுந்ததையும், படகின் மரத்தில் காதை வைத்தபோது அவை பெருகிக் கேட்டதையும் அவர் எழுதிவைத்தார். பாடுவது மீன் என்று அவருடைய மீனவர்கள் சொல்லவில்லை. ஊரி என்றே சொன்னார்கள். எது பாடினாலும், அந்த இசையே பின்னர் சுவாமி விபுலானந்தரின் 'நீரரமகளிர்' கவிதைக்குக் கருவாயிற்று. 1947 இல் 'யாழ் நூல்' தந்த அந்த ஆய்வாளர் துயில்வதும் இதே கரையில், கல்லடி உப்போடையில், அவர் கட்டியெழுப்பிய சிவானந்த வித்தியாலயத்தின் அருகே.

நானும் தோணி மரத்தில் காதை வைத்துப் பார்த்தேன். பாட்டுக் கேட்கவில்லை. காத்தான்குடிப் பள்ளிவாசலில் இருந்து மஃரிப் பாங்கு கேட்டது. நீரின் மேல் அது மிக அருகே ஒலித்தது. வீதியால் வரும்போது நாவற்குடா எங்கே முடிகிறது, மஞ்சந்தொடுவாய் கடந்து காத்தான்குடி எங்கே தொடங்குகிறது என்று எங்கள் தலைமுறைக்குக் கண்ணை மூடிக்கொண்டும் சொல்ல முடியும். தோணியில் இருந்து பார்த்தபோது எனக்கு அது தெரியவில்லை. ஒரே கரை, ஒரே தென்னைகள், ஒரே மாதிரியான பின்வளவுகள்.

அந்த எல்லையை நாங்கள் எப்போது இவ்வளவு துல்லியமாகக் கற்றுக்கொண்டோம் என்பதை மறைக்காமல் சொல்ல வேண்டும். 1990 ஆகஸ்ட் 3, வெள்ளிக்கிழமை இரவு, காத்தான்குடியின் இரு பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்டோர் விடுதலைப் புலிகளால் சுட்டுக்கொல்லப்பட்டனர். சிறுவர்களும் அதில் இருந்தனர். அடுத்த மாதம், செப்டெம்பர் 9 இல், நகரின் வடக்கே சத்துருக்கொண்டானிலும் அயற்கிராமங்களிலும் இருந்து படையினர் கூட்டிச் சென்ற தமிழர் 180 பேருக்கு மேல் உயிரோடு திரும்பவில்லை. இவ்விரு செய்திகளும் இரு சமூகங்களின் நினைவிலும் தனித்தனியே வளர்ந்தன. எங்களில் பலர் ஒன்றை எழுதும்போது மற்றதை எழுத மறந்தோம். நானும் அவர்களில் ஒருவன்.

வாவியும் அக்காலத்தில் எல்லையாகியது. படுவான்கரையின் பெரும்பகுதி 2007 வரை புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்தது. எழுவான்கரை படையினரிடம். நூற்றாண்டுகளாக மக்களை இணைத்த நீர், இரு பக்கமும் துப்பாக்கி பார்த்துக்கொண்டிருக்கும் வெளியாயிற்று. எங்கள் ஊரில் ஆட்களையும் வண்டிகளையும் அக்கரை சேர்க்கும் மிதவைக்குப் பெயர் 'பாதை'. வேற்றூரவருக்கு இது விசித்திரமாகத் தோன்றும். நீரைக் கடப்பதையே பாதை என்று சொல்லிப் பழகிய மக்கள் நாங்கள். 2014 இல் மண்முனையில் பாலம் திறக்கப்பட்டதும் அங்கிருந்த பாதை ஓய்வுபெற்றது. பாலத்தால் நோயாளரும் மாணவரும் அடைந்த நன்மை பெரிது. அதை நான் மறுக்கவில்லை.

எல்லைக்கு முந்திய ஒழுங்கொன்று இந்த ஒழுங்கைகளில் இன்னும் இருக்கிறது. நாவற்குடாவின் ஒழுங்கைகளில் துவிச்சக்கரவண்டியை உருட்டிக்கொண்டு போனால் ஒரே வளவுக்குள் இரண்டு மூன்று வீடுகள் நெருங்கி நிற்பதைக் காணலாம். அவை பெரும்பாலும் அக்கா, தங்கைமாரின் வீடுகள். மகளுக்கு வீட்டைச் சீதனமாகக் கொடுப்பதும், மாப்பிள்ளை மனைவியின் வீட்டுக்கு வருவதும், தாய்வழியாகக் 'குடி' எண்ணுவதும் மட்டக்களப்பு வழமை. தாயின் நிலம் மகள்மாருக்குப் பிரிந்து பிரிந்தே ஒழுங்கைகள் இவ்வளவு குறுகின. காத்தான்குடியின் நெருக்கமான ஒழுங்கைகளுக்கும் காரணம் இதுவே. அங்கும் மகளுக்குத்தான் வீடு. அங்கும் தாய்வழிக் குடிகள் உண்டு. வேறு வேறு தெய்வ நம்பிக்கையுடைய இரு சமூகங்கள் ஒரே மாதிரி வீடு பிரிக்கின்றன என்பது சிறிய விடயமன்று.

மூன்றாவது வழி உணவு. நாவற்குடாவில் ஒரு வீட்டுத் திண்ணையில் காலையில் பிட்டு விற்கும் ஓர் அம்மா இருக்கிறார். ஆற்று இறாலும் ஆற்று மீனும் அவரது குழம்புக்கு. கடல் மீனில் சமைத்தால் வாடிக்கையாளர் கேள்வி கேட்பார்களாம். மாவை அவர் காத்தான்குடியில் அரைப்பித்துக்கொள்கிறார். "தொண்ணூறுக்குப் பிறகு கொஞ்சக் காலம் போகல்ல மனே. பிறகு அவங்களே ஆள் அனுப்பிக் கேட்டாங்க, மா அரைக்க ஏன் வரல்ல எண்டு," என்றார். அவ்வளவுதான் சொன்னார். மேலும் கேட்க எனக்கும் தோன்றவில்லை.

கிழக்கில் தமிழரும் முஸ்லிம்களும் பிட்டும் தேங்காய்ப்பூவும் போன்றவர்கள் என்பது பழகித் தேய்ந்த உவமை. மேடைகளில் அதைக் கேட்டுக் கேட்டு, அதை எழுதுவதையே நான் நிறுத்தியிருந்தேன். அன்று அந்தத் திண்ணையில் உட்கார்ந்து பிட்டு அவிவதைப் பார்த்தபோதுதான் உவமையைச் சரியாகப் பார்த்ததில்லை என்பது தெரிந்தது. மேடைப் பேச்சாளர்கள் இரண்டும் கலந்துவிட்டதாகச் சொல்கிறார்கள். குழலுக்குள் அவை கலப்பதில்லை. ஒரு பிடி மா, மேலே தேங்காய்ப்பூ, மறுபடி மா, மறுபடி தேங்காய்ப்பூ. ஒவ்வொன்றும் தன் அடுக்கில் இருக்கிறது. ஆவி எல்லா அடுக்குகளினூடாகவும் ஏறுகிறது.

எழுவான்கரையும் அப்படித்தான் கிடக்கிறது. நாவற்குடாவுக்குத் தெற்கே காத்தான்குடி, அதற்கப்பால் ஆரையம்பதி, பின் பாலமுனை, கிரான்குளம். இன்னும் தெற்கே போனால் மருதமுனை, பாண்டிருப்பு, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர். தமிழூரும் முஸ்லிம் ஊரும் கடலுக்கும் களப்புக்கும் நடுவே அடுக்கடுக்காக. எந்த ஊரும் தன் அயலூரைக் கடக்காமல் நகருக்குப் போகவோ வரவோ முடியாது. 1990 இல் அடைபட்டது இந்தப் போக்குவரத்து. அடுக்குகள் அதற்கு முன்னும் இருந்தன.

திரும்பி வரும்போது மீனவரிடம் பழைய துறைகளின் பெயர்களைக் கேட்டு எழுதிக்கொண்டேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் வைத்திருந்தார்: ஒரு மரத்தின் பெயர், ஒரு குடும்பத்தின் பெயர், காத்தான்குடி வியாபாரி ஒருவரின் பெயர். எந்த நிலப்படத்திலும் நான் பார்த்திராத பெயர்கள். வி. சீ. கந்தையா அவர்கள் 1964 இல் 'மட்டக்களப்புத் தமிழகம்' எழுதியபோது இப்படிச் சொல்லக்கூடிய முதியவர்கள் ஒவ்வொரு கரையிலும் இருந்திருப்பார்கள். இன்று கரையை மண் போட்டு நிரப்பி மதில் கட்டுவது எங்கும் நடக்கிறது. குடா தூர்ந்துவிட்டால் நாவற்குடா என்ற பெயர்ப்பலகையைப் பார்த்து ஒரு பிள்ளை அர்த்தம் கேட்கும்போது, கையை நீட்டிக் காட்ட எமக்கு இடமிருக்காது.

அந்த முதியவருக்கு எழுபத்தைந்து வயது கடந்துவிட்டது. அவருடைய மகன்மார் எவரும் தோணி எடுப்பதில்லை. வரும் சனிக்கிழமை மறுபடியும் போவதாகச் சொல்லியிருக்கிறேன். மஞ்சந்தொடுவாய்ப் பக்கத்துத் துறைகள் இன்னும் எழுதாமல் இருக்கின்றன.